பண்டைய இஸ்ரயேலரின் கூட்டு நினைவும் அடையாள உருவாக்கமும்: அடிமை நினைவு, நாடுகடத்தல் நினைவு

ஆய்வுச் சுருக்கம்

கி.மு. 586 அளவில் எருசலேம் பாபிலோனியப் படையிடம் வீழ்ந்தபோது யூதா மக்கள் அரசையும் கோயிலையும் இழந்தனர். அவர்களுள் ஒரு பகுதியினர் நாட்டையும் இழந்தனர். ஆயினும் தனித்த மக்களாக அவர்கள் நிலைத்தனர். அந்நிலைபேற்றுக்குக் கூட்டு நினைவைப் பேணிய முறை ஒரு முதன்மைக் காரணமாகும். அந்நினைவின் இரண்டு இழைகளை இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது. எகிப்தில் அடிமைப்பட்டிருந்த நினைவு அயலார்மீது காட்டவேண்டிய கடமையாக வளர்ந்தது. பாபிலோனுக்கு நாடுகடத்தப்பட்ட நினைவு, சமூகத்தினுள் யார், புறத்தே யார் என்று வகுக்கும் எல்லையாக மாறியது. இவ்விரண்டும் ஒன்றோடொன்று முரண்பட்டும் ஒரே நூல்தொகுதியுள் இடம்பெற்றுள்ளமை இங்கு விளக்கப்படுகிறது.

திறவுச் சொற்கள்: கூட்டு நினைவு, பண்பாட்டு நினைவு, இஸ்ரயேலர், விடுதலைப் பயணம், நாடுகடத்தல், மறதி, அடையாளம்.

முன்னுரை

அசீரியப் பேரரசும் அதனை அடுத்து எழுந்த பாபிலோனியப் பேரரசும், வென்ற நாடுகளின் மக்களை வேரோடு பெயர்த்து வேற்றிடங்களில் குடியமர்த்தும் முறையைக் கையாண்டன. கிளர்ச்சிகளைத் தடுப்பதும் பேரரசுக்குத் தேவையான உழவர், கைவினைஞர், படைவீரர் ஆகியோரைப் பெறுவதும் இதன் நோக்கங்கள். கி.மு. 722 அளவில் வட இஸ்ரயேலின் தலைநகரான சமாரியா வீழ்ந்தது. அங்கிருந்து 27,290 பேரைக் கொண்டுசென்றதாக அசீரிய மன்னன் இரண்டாம் சார்கோனின் கல்வெட்டு கூறுகிறது. அவர்கள் குடியேறிய இடங்களில் தனிச் சமூகமாக நெடுங்காலம் நிலைத்தமைக்குச் சான்று இல்லை. ஏறத்தாழ 135 ஆண்டுகள் கழித்து அதே நிலைக்குத் தள்ளப்பட்ட தென்னாட்டு யூதா மக்களோ தம் பெயரையும் இறைவழிபாட்டையும் முன்னோர் வரலாற்றையும் காத்துக்கொண்டனர்.

இவ்வேறுபாட்டிற்கு அரசியல் காரணங்களும் உண்டு. அசீரியர் மக்களைச் சிதறடித்தனர். பாபிலோனியர் பெரும்பாலும் ஓரின மக்களை ஓரிடத்தில் குடியமர்த்தினர். எனினும் இக்காரணம் மட்டும் போதாது. தம்மை யார் என்று அம்மக்கள் நினைவுகூர்ந்தனர், அந்நினைவை எவ்வாறு கையளித்தனர், அதனால் யாரைச் சேர்த்தனர், யாரை விலக்கினர் என்னும் வினாக்களும் எழுகின்றன. எபிரேயத் திருமறை நூல்களையும் தொல்லியல் சான்றுகளையும் இணைத்து இவ்வினாக்களை அணுகுவது இக்கட்டுரையின் நோக்கம். திருமறை நூற்பெயர்களும் ஆட்பெயர்களும் தமிழ்ப் பொதுமொழிபெயர்ப்பின் வழக்கைத் தழுவி எழுதப்பட்டுள்ளன. யாத்திராகமம், உபாகமம் எனப் பழைய மொழிபெயர்ப்பில் வழங்கும் நூல்கள் இங்கு முறையே விடுதலைப் பயணம், இணைச்சட்டம் எனக் குறிக்கப்பெறும்.

1. கோட்பாட்டு அடிப்படை

கூட்டு நினைவு என்னும் கருத்தாக்கத்தை முறையாக வகுத்தவர் பிரெஞ்சுச் சமூகவியலறிஞர் மோரிஸ் ஆல்ப்வாக்ஸ். தனிமனிதர் நினைவுகூரும்போதும் குடும்பம், சமயம், வகுப்பு ஆகிய சமூகச் சட்டகங்களின் துணைகொண்டே நினைவுகூர்கின்றனர் என்று 1925-இல் வெளியான தம் நூலில் அவர் நிறுவினார். நினைவு என்பது கடந்த காலத்தை அப்படியே சேமித்துவைக்கும் பேழை அன்று. நிகழ்காலத் தேவைகளுக்கேற்ப மீண்டும் மீண்டும் கட்டப்படுவது என்பது இதனால் பெறப்படும்.

செருமானிய எகிப்தியல் அறிஞர் யான் அஸ்மன் 1992-இல் வெளியிட்ட நூலில் இக்கருத்தை மேலும் விரித்தார். வாழும் தலைமுறைகளுக்கிடையே வாய்மொழியாக உலவும் நினைவு, கண்டவர் மறையுந்தோறும் மங்கி ஏறத்தாழ 80 முதல் 100 ஆண்டுகளுக்குள் கரைந்துவிடும். நூல், சடங்கு, நினைவுச்சின்னம், திருநாள் ஆகியவற்றில் நிலைநிறுத்தப்படும் பண்பாட்டு நினைவோ பல நூற்றாண்டுகள் தொடரும். முதலாவது இரண்டாவதாக மாறும் நிகழ்வுக்கு அவர் காட்டும் சிறந்த எடுத்துக்காட்டு இணைச்சட்டம். அந்நூலின் கதைச்சூழல் எகிப்தை விட்டுப் புறப்பட்டு நாற்பது ஆண்டுகள் கழிந்த நிலையாகும். விடுதலையை முதிர்ந்த வயதில் நேரில் கண்ட தலைமுறை மறைந்துவிட்டது, மோசேயும் மறையவிருக்கிறார், மக்கள் ஆற்றைக் கடந்து வளமான நாட்டினுள் நுழையவுள்ளனர். மறதிக்கு ஏற்ற எல்லாச் சூழலும் கூடிய அவ்வேளையில், மறவாதிருத்தல் ஒரு கட்டளையாகவே விதிக்கப்படுகிறது.

யூத வரலாற்றறிஞர் யோசேப் ஹயிம் எருசால்மி 1982-இல் வெளியிட்ட 'ஸாகோர்' என்னும் நூல், 'ஸாகர்' என்னும் எபிரேய வினைச்சொல் திருமறையில் குறைந்தது 169 இடங்களில் பயில்வதைச் சுட்டியது. நினைத்தல் என்பதோடு நினைத்ததற்கேற்பச் செயலாற்றுதல் என்னும் பொருளும் இச்சொல்லுக்கு உண்டு. இறைவன் ஒருவரை நினைவுகூர்ந்தார் என்று நூல்கள் கூறுமிடத்து அவருக்குத் துணைபுரிந்தார் என்பதே கருத்து. நினைவு செயலில் முடியவேண்டும் என்னும் இப்பொருள்நிலை, பின்வரும் பகுதிகளைப் புரிந்துகொள்ளத் துணைசெய்யும்.

2. பெயரின் வரலாறு

'இஸ்ரயேல்' என்னும் பெயர் திருமறைக்கு வெளியே முதன்முதலாகக் காணப்படுவது எகிப்திய மன்னன் மெர்னெப்தாவின் வெற்றிக் கல்லில். கி.மு. 1208 அளவினதாகிய இக்கல்லை 1896-இல் பிளிண்டர்ஸ் பெட்ரி தீப்சு நகரில் கண்டெடுத்தார். கானான் நிலத்தில் தோற்கடிக்கப்பட்டோர் வரிசையில் இஸ்ரயேலும் இடம்பெறுகிறது. ஏனைய பெயர்களுக்கு நாட்டைக் குறிக்கும் குறியீடு அமைய, இஸ்ரயேலுக்கு மட்டும் மக்களைக் குறிக்கும் குறியீடு அமைந்துள்ளது. அம்மக்களின் வித்து அற்றுப்போயிற்று என்று அக்கல் பெருமை பேசுகிறது. ஒரு மக்கள் அழிந்துவிட்டனர் என்னும் அறிவிப்பே அவர்கள் இருந்தமைக்குக் கிடைக்கும் முதற்சான்றாக அமைந்துவிட்டது.

அக்காலத்தை அடுத்த இருநூறு ஆண்டுகளில் கானானின் நடுமலைப் பகுதியில் நூற்றுக்கணக்கான சிற்றூர்கள் தோன்றியதை அகழாய்வுகளும் கள ஆய்வுகளும் காட்டுகின்றன. அவற்றின் மட்கலங்களும் குடியிருப்பு முறைகளும் கானானியப் பண்பாட்டுடன் நெருங்கிய தொடர்ச்சி உடையவை. வெளியிலிருந்து பெருந்திரளான மக்கள் வந்து நாட்டை வென்றனர் என்பதற்கு இவை இடந்தரவில்லை. தொடக்க கால இஸ்ரயேலரில் மிகுதியானோர் கானான் நிலத்திலேயே தோன்றியவர் என்பது தொல்லியல் அறிஞர் பெரும்பாலோரின் முடிவு.

அவ்வாறாயின், எகிப்தில் அடிமைப்பட்டிருந்தோம் என்னும் நினைவு எங்கிருந்து வந்தது? எகிப்திலிருந்து தப்பிவந்த ஒரு சிறு குழுவின் நினைவு பின்னர் அனைவருக்கும் உரியதாயிற்று என்பது ஒரு கருத்து. மற்றொரு விளக்கத்தை ரோனல்டு ஹெண்டல் முன்வைத்தார். கி.மு. 12-ஆம் நூற்றாண்டு வரை கானானே எகிப்தின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. கானானியச் சிற்றரசர் எகிப்திய மன்னனுக்கு எழுதிய அமர்னா மடல்கள் திறைச் சுமையையும் ஆட்கள் எகிப்துக்கு அனுப்பப்பட்டதையும் காட்டுகின்றன. எனவே கானானில் இருந்தவர்களும் எகிப்தின் கொடுமையைத் தம் அனுபவமாகவே உணர்ந்திருக்கக்கூடும். பல்வேறு குழுக்களின் துயரங்கள் ஒரே கதையுள் ஒடுங்கியிருக்கக்கூடும். இவ்விளக்கங்களுள் எதை ஏற்பினும், வேறுவேறு தோற்றமுடைய மக்களை ஒரே மக்களாக்கியது பகிர்ந்துகொண்ட நினைவு என்பது தெளிவு.

பெயரும் இவ்வாறே இடம்பெயர்ந்தது. முடியாட்சிக் காலத்தில் 'இஸ்ரயேல்' என்பது வடநாட்டு அரசின் பெயர். தென்னாட்டின் பெயர் யூதா. எகிப்திலிருந்து மீட்கப்பட்ட நினைவும் வடநாட்டிலேயே முதலில் வலுப்பெற்றிருந்தது. வடநாட்டு மன்னன் எரொபவாம் பெத்தேலிலும் தாணிலும் நிறுவிய கன்றுக்குட்டி வழிபாட்டை அவ்விடுதலையோடு இணைத்தான் என்று அரசர்கள் நூல் கூறுகிறது. கி.மு. 8-ஆம் நூற்றாண்டில் வடநாட்டில் இறைவாக்கு உரைத்த ஓசேயாவின் நூலிலும் அந்நினைவு ஆழமாகப் பதிந்துள்ளது. சமாரியா வீழ்ந்த காலத்தையொட்டி எருசலேம் பல மடங்கு விரிவடைந்தது. நாமான் அவிகாட் அகழ்ந்து கண்ட, ஏறத்தாழ 7 மீட்டர் தடிப்புள்ள மதில் இவ்விரிவுக்குச் சான்று. புதிதாகக் குடியேறியோருள் வடநாட்டு அகதிகள் எவ்வளவினர் என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. எனினும் வடநாட்டு மரபுகள் தெற்கே பேணப்பட்டன. 'இஸ்ரயேல்' என்னும் பெயரைப் பின்னர் யூதா மக்கள் தமக்கே உரியதாகக் கொண்டனர். யாக்கோபின் பன்னிரு மைந்தர் பற்றிய வழிமரபுக் கதை, பிரிந்து நின்ற குலங்களை ஒரே தந்தையின் பிள்ளைகளாக்கி இவ்விணைப்பிற்கு வடிவம் தந்தது.

3. நினைவைக் கையளிக்கும் வழிகள்

எழுத்தறிவு ஒரு சிலருக்கே வாய்த்த அக்காலத்தில் நினைவு வீட்டிலும் வயலிலும் உணவிலும் வாழவேண்டியிருந்தது. அதற்குரிய வழிகளுள் முதன்மையானது குழந்தையின் வினா. பாஸ்கா வழிபாட்டின் பொருள் யாது எனப் பிள்ளைகள் வினவும்போது பெற்றோர் விடையிறுக்கவேண்டும் என்கிறது விடுதலைப் பயண நூல். சட்டங்களின் பொருளை மகன் வினவும் காட்சியை இணைச்சட்டம் அமைக்கிறது. யோர்தானைக் கடந்தபின் கில்காலில் நாட்டப்பட்ட பன்னிரு கற்களைக் கண்டு பிள்ளைகள் வினவுவர் என்று யோசுவா நூல் எதிர்நோக்குகிறது. சடங்கும் கல்லும் வினாவை எழுப்புவதற்காகவே அமைக்கப்பட்டவை போலும். நினைவைக் காக்கும் பொறுப்பு குருமாரிடம் மட்டுமன்றிப் பெற்றோரிடமும் விடப்பட்டமையால், கோயில் அழிந்த பின்னும் அந்நிறுவனம் அழியவில்லை.

இரண்டாவது வழி தன்மைப் பன்மையின் ஆட்சி. அறுவடையின் முதற்பலனைக் கூடையில் கொணரும் உழவன் சொல்லவேண்டிய அறிக்கையொன்று இணைச்சட்டத்தின் 26-ஆம் இயலில் இடம்பெறுகிறது. அலைந்து திரிந்த அரமேயத் தந்தையைப் படர்க்கையில் குறிப்பிட்டுத் தொடங்கும் அவ்வறிக்கை, எகிப்தியரின் கொடுமையைக் கூறுமிடத்துத் திடீரெனத் தன்மைப் பன்மைக்கு மாறுகிறது. பன்னூறு ஆண்டுகளுக்கு முன் துன்புற்றவர் 'அவர்கள்' அல்லர். அறிக்கை செய்யும் உழவனும் அவர்களுள் ஒருவன். இறுதியில் அது தன்மை ஒருமையில் முடிந்து, கையிலுள்ள கூடையோடு வரலாற்றை இணைக்கிறது. குலத்தின் கதை தனிமனிதனின் கதையாக மாறும் இடம் இதுவே. உடன்படிக்கை முன்னோருடன் அன்று, இன்று உயிரோடிருக்கும் அனைவருடனும் செய்யப்பட்டது என்று அதே நூலின் 5-ஆம் இயல் வலியுறுத்துவதும் இந்நோக்கினாலேயே ஆகும்.

மூன்றாவது வழி காலப் பகுப்பு. இளவேனிலில் நிகழும் பாஸ்காவும் புளிப்பற்ற அப்பத் திருநாளும், இலையுதிர் காலத்தில் நிகழும் கூடாரத் திருநாளும் கால்நடை, உழவுத் தொழில்களோடு இயைந்தவை. அவை படிப்படியாக எகிப்திலிருந்து விடுபட்டமைக்கும் பாலைநில வாழ்வுக்கும் உரிய நினைவுநாள்களாயின. ஓய்வுநாள் கட்டளை இவ்வகையில் சிறப்பாக நோக்கத்தக்கது. விடுதலைப் பயணத்தின் 20-ஆம் இயல் அக்கட்டளைக்கு உலகப் படைப்பைக் காரணமாகக் கூறுகிறது. இணைச்சட்டத்தின் 5-ஆம் இயலோ எகிப்தில் அடிமையாயிருந்ததை நினைவூட்டி, அடிமைகளும் ஓய்வு பெறவேண்டும் என்கிறது. ஒரே கட்டளை, காரணம் மாறும்போது அதன் பயன் உழைப்பவர் பக்கம் சாய்கிறது.

4. அடிமை நினைவு: கடமையின் ஊற்று

பண்டைய உலகின் அரச மரபினர் பலரும் தம் தொடக்கத்தைத் தேவரிடமோ வீரரிடமோ தேடினர். தாம் அடிமைகளாயிருந்தோம் என்பதை மையமாகக் கொண்ட தோற்றக் கதை வியப்புக்குரியது. அதனினும் வியப்புக்குரியது அக்கதையிலிருந்து பெறப்பட்ட அறம். 'கேர்' எனப்படும் குடியேறிய அயலாரை ஒடுக்கலாகாது என்னும் விதிக்கு, எகிப்தில் நீங்களும் அயலாராயிருந்தீர்கள் என்பதே காரணமாக விடுதலைப் பயணம், லேவியர், இணைச்சட்டம் ஆகிய மூன்று நூல்களிலும் திரும்பத் திரும்பக் கூறப்படுகிறது. அயலாரைப் பற்றிய எச்சரிக்கை 36 இடங்களில் வருவதாகப் பிற்காலத் தால்மூது கணக்கிடும். வயலில் மறந்துவிட்ட கதிர்க்கட்டையும் ஒலிவ மரத்தில் எஞ்சிய காய்களையும் அயலார்க்கும் அனாதைகட்கும் கைம்பெண்கட்கும் விட்டுவிடவேண்டும் என்னும் விதிக்கும் அடிமை நினைவே அடிப்படை.

இந்நினைவு வெறும் சொல்லளவில் நின்றதா, உண்மையில் ஆட்சியாளரையும் உடைமையாளரையும் கட்டுப்படுத்தியதா என்னும் ஐயத்திற்கு எரேமியா நூலின் 34-ஆம் இயல் விடை தருகிறது. கி.மு. 588 அளவில் பாபிலோனியப் படை எருசலேமை முற்றுகையிட்டிருந்தது. மன்னன் செதேக்கியாவின் ஏற்பாட்டில், எருசலேமின் உடைமையாளர் தம் எபிரேய அடிமைகளை விடுவிக்க உடன்பட்டனர், விடுவிக்கவும் செய்தனர். எகிப்தியப் படையின் வருகையால் முற்றுகை சிறிது தளர்ந்தது. உடனே விடுவித்தவர்களை மீண்டும் பிடித்து அடிமைகளாக்கினர். எகிப்தின் அடிமை வீட்டிலிருந்து முன்னோரை மீட்டபோது செய்யப்பட்ட உடன்படிக்கையை எடுத்துக்காட்டி எரேமியா அவர்களைக் கடிந்துரைத்தார். அடிமை விடுதலையை மறுத்தவர்க்கு வாளும் கொள்ளைநோயும் பஞ்சமுமே 'விடுதலை' பெற்று வரும் என்னும் கசப்பான சொல்விளையாட்டு அங்கு அமைந்துள்ளது. தோற்றக் கதையை ஏற்றுக்கொண்ட ஒருவன் அதன் கடமையை மறுக்கவியலாது என்பதே அவர் வாதம். அக்கதையை நன்கு அறிந்திருந்தவர்களே அதை மீறினர் என்பதையும் அவ்வியல் மறைக்கவில்லை.

வடநாட்டில் ஆமோஸ் வேறொரு கோணத்தில் எச்சரித்தார். இஸ்ரயேலரை எகிப்திலிருந்து கொணர்ந்த இறைவனே பெலிஸ்தியரைக் கப்தோரிலிருந்தும் அரமேயரைக் கீரிலிருந்தும் கொணர்ந்தார் என்று அவர் நூலின் இறுதி இயல் கூறும். விடுதலை நினைவு தனிச்சலுகைக்கு உரிமைச்சீட்டாக மாறுவதைத் தடுக்கும் குரல் இது.

5. மறதியின் பங்கு

நினைவுகூரும் ஒவ்வொரு சமூகமும் சிலவற்றை மறக்கவும் செய்கிறது. சீனாய்த் தீவக்குறையின் வடகிழக்கே உள்ள குந்திலேத் அஜ்ருத் என்னுமிடத்தில் 1975-76-இல் நிகழ்ந்த அகழாய்வில் கி.மு. 800 அளவைச் சேர்ந்த எழுத்துகள் கிடைத்தன. அவற்றுள் சமாரியாவின் யாவேயும் 'அவருடைய அசேரா'வும் சேர்த்துக் கூறப்படுகின்றனர். அசேரா பெண்தெய்வமா, வழிபாட்டுத் தூணா என்பதில் அறிஞர் வேறுபடுவர். எனினும் முடியாட்சிக் கால வழிபாடு பிற்கால நூல்கள் விதிக்கும் வழிபாட்டினும் பல்வகைப்பட்டதாயிருந்தது என்பது உறுதி. கி.மு. 622 அளவில் மன்னன் யோசியா, கோயிலில் கண்டெடுக்கப்பட்ட சட்டநூலின் அடிப்படையில் சீர்திருத்தம் மேற்கொண்டு அசேராவின் அடையாளங்களை அழித்ததாக அரசர்கள் நூல் கூறுகிறது. அச்சட்டநூல் இணைச்சட்டத்தின் ஒரு வடிவம் என்பது 1805-இல் டி வெட்டே முன்வைத்த கருத்தையொட்டிப் பலரும் ஏற்ற முடிவு. முன்னோரிடையே வழங்கிய வழிபாடு, முன்னோர் மரபின் பெயராலேயே, அயலாரிடமிருந்து வந்த கறையாக மாற்றி நினைக்கப்பட்டது.

மறதியே கட்டளையாக வரும் இடமும் உண்டு. பாலைநிலத்தில் தளர்ந்தவர்களைத் தாக்கிய அமலேக்கியரின் நினைவைத் துடைத்தழிக்கவேண்டும்; அதை மறக்கவும் கூடாது என்று இணைச்சட்டத்தின் 25-ஆம் இயல் விதிக்கிறது. ஒருவரின் பெயரை அழிக்கச் சொல்லும் நூலே அப்பெயரை என்றென்றும் காத்துவிடுகிறது. அயலாரை அன்புசெய்யத் தூண்டிய எகிப்து நினைவும் பகைவரை அழிக்கத் தூண்டிய அமலேக்கு நினைவும் ஒரே நூலில் அடுத்தடுத்த இயல்களில் நிற்கின்றன. நினைவு தன்னளவில் அறமும் அன்று, மறமும் அன்று. எதை, எதற்காக நினைவுகூர்கிறோம் என்பதைப் பொறுத்தே அது அமையும்.

6. நாடுகடத்தல் நினைவு: எல்லையின் தோற்றம்

கி.மு. 597-இல் மன்னன் யோயாக்கினும் உயர்குடியினரும் கைவினைஞரும் பாபிலோனுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். ஏறத்தாழ பத்தாண்டுகளில் எருசலேமும் கோயிலும் எரிக்கப்பட்டன. யோயாக்கினுக்கும் அவன் மைந்தர்க்கும் எண்ணெய் வழங்கப்பட்டதைப் பதிவுசெய்யும் பாபிலோனியக் களிமண் பலகைகளை எர்னஸ்ட் வைட்னர் 1939-இல் வெளியிட்டார். தொல்பொருள் வணிகத்தின் வழியே வெளிப்பட்ட ஏறத்தாழ 200 பலகைகள் சாதாரண மக்களின் வாழ்வைக் காட்டுகின்றன. கி.மு. 572 முதல் 477 வரையிலான காலத்தைச் சேர்ந்த அவற்றுள் 'ஆல்-யாஹூது', அதாவது யூதாவூர், என்னும் குடியிருப்பு இடம்பெறுகிறது. அங்கு வாழ்ந்தோர் நிலம் உழுதனர், வாற்கோதுமையும் பேரீச்சையும் இறுத்தனர், கடன் வாங்கினர், மணவொப்பந்தம் எழுதினர். தலைமுறைகள் கடந்தும் யாவேயின் பெயர் கலந்த பெயர்களைத் தம் பிள்ளைகளுக்கு இட்டுவந்தனர். தாய்நாட்டின் பெயரை ஊருக்கும் இறைவனின் பெயரைப் பிள்ளைக்கும் இட்டமை அம்மக்கள் நினைவைப் பேணிய எளிய வழியாகும்.

நாடுகடத்தப்பட்டோர் மக்கள்தொகையில் ஒரு பகுதியினரே. வறியவர் பலர் திராட்சைத் தோட்டங்களையும் வயல்களையும் பேண விடப்பட்டனர் என்று அரசர்கள் நூலே கூறுகிறது. எருசலேமுக்கு வடக்கே பென்யமின் பகுதியில், குறிப்பாக ஆளுநர் கெதலியாவின் இருக்கையாகிய மிஸ்பாவில், வாழ்வு தொடர்ந்ததை அகழாய்வு காட்டுகிறது. ஆனால் குறிப்பேடு நூல், நாடு எழுபது ஆண்டுகள் பாழாய்க் கிடந்து ஓய்வுநாள்களை அனுபவித்ததாக நினைவுகூர்கிறது. ஆளில்லா நாடு என்னும் இச்சித்திரத்தை ஒரு தொன்மமாக 1996-இல் ஹான்ஸ் பார்ஸ்டாடு ஆராய்ந்தார். எஞ்சியிருந்தோர் நினைவிலிருந்தே நீக்கப்பட்டனர். இவ்விரு சாராரின் பூசலை எசேக்கியேல் நூல் பதிவுசெய்கிறது: ஆபிரகாம் ஒருவராயிருந்தும் நாட்டைப் பெற்றார், பலராகிய நமக்கு நாடு உரியது என்று எஞ்சியோர் வாதிட்டனர். எரேமியா நூலோ நாடுகடத்தப்பட்டோரை நல்ல அத்திப்பழங்களாகவும் எஞ்சியோரை உண்ணத்தகாத பழங்களாகவும் உருவகித்தது.

கி.மு. 539-இல் பாரசீக மன்னன் சைரசு பாபிலோனை வென்றபின் ஒரு பகுதியினர் திரும்பினர். 'பெனே ஹகோலா', அதாவது நாடுகடத்தலின் மக்கள், என்பதே அவர்கள் தமக்கு இட்டுக்கொண்ட பெயர். கோயிலைக் கட்டத் துணைவர முன்வந்த நாட்டு மக்களை அவர்கள் மறுத்தனர் என்கிறது எஸ்ரா நூல். அந்நூலின் இறுதி இயல்கள் இன்னும் கடுமையான நிகழ்ச்சியைக் கூறுகின்றன. வேற்றினப் பெண்களை மணந்தோர் அவர்களையும் அவர்கள் ஈன்ற பிள்ளைகளையும் விலக்கவேண்டும் எனத் தீர்மானிக்கப்படுகிறது. மணந்த ஆடவர் நூற்றுக்கும் மேற்பட்டோரின் பெயர்கள் பட்டியலாக நிற்கின்றன. விலக்கப்பட்ட பெண்ணொருத்தியின் பெயரும் அங்கு இல்லை. அப்பெண்களுள் நாடுகடத்தப்படாமல் எஞ்சிய யூதாக் குடும்பத்தினரும் இருந்திருக்கலாம் என ஆய்வாளர் சிலர் கருதுவர். எகிப்தில் அயலாராயிருந்த நினைவு அயலாரைக் காக்கச் சொன்னது; பாபிலோனில் அயலாராயிருந்த நினைவு அயலாரை வெளியேற்றச் சொன்னது. சிறுபான்மையாய் வாழ்ந்து கரைந்துபோகும் அச்சத்தில் உழன்ற சமூகத்தின் தற்காப்பு இது என்று விளக்கலாம். அதன் விலையைச் செலுத்தியவர் பெண்களும் பிள்ளைகளும் என்பதும் உண்மை.

எருசலேமின் நினைவை ஏற்காத வேறு யாவே வழிபாட்டினரும் அக்காலத்தில் வாழ்ந்தனர். கெரிசிம் மலையில் கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் எழுந்த வழிபாட்டிடத்தை இட்சாக் மாகென் அகழ்ந்து வெளிப்படுத்தினார். அங்கு வழிபட்ட சமாரியரும் மோசேயின் ஐந்நூலையே தம் திருமறையாகக் கொண்டவர்கள். தாமே உண்மை இஸ்ரயேலர் என்றவர்கள். எகிப்தின் தென்னெல்லையில் எலிபந்தைன் தீவில் யூதாப் படைவீரர் குடியிருப்பொன்று யாவேக்குத் தனிக்கோயில் வைத்திருந்தது. கி.மு. 410-இல் அது இடிக்கப்பட்டபோது உதவி வேண்டி யூதாவின் ஆளுநருக்கு அவர்கள் எழுதிய மடல் கிடைத்துள்ளது. புளிப்பற்ற அப்பத் திருநாள் பற்றிய கி.மு. 419-ஆம் ஆண்டு மடலும் கிடைத்துள்ளது. எகிப்திலேயே வாழ்ந்த அச்சமூகத்தின் ஆவணங்களில் மோசேயைப் பற்றியோ எகிப்திலிருந்து விடுபட்டதைப் பற்றியோ குறிப்பு எதுவும் இல்லை. அடிமை வீடு என்று எருசலேம் நினைவுகூர்ந்த நாடு, அவர்களுக்கு ஊதியமும் வீடும் தந்த நாடு. எருசலேமின் நூல்மரபைச் சாராத ஒரு யூத வாழ்வும் இயல்வதாயிருந்தது என்பதை எலிபந்தைன் காட்டுகிறது; ஆயினும் அக்குடியிருப்பு நூலொன்றையும் மரபாக விட்டுச்செல்லாமல் மறைந்தது.

7. மறுப்புக் குரல்கள்

எஸ்ராவின் எல்லையை ஏற்காத குரல்களும் திருமறையுள் இடம்பெற்றுள்ளன. மோவாபியர் பத்தாம் தலைமுறை வரையிலும் சபையில் சேரலாகாது என்பது இணைச்சட்டத்தின் விதி. ரூத்து நூலின் தலைவியோ மோவாபியப் பெண். அயலார்க்கென விடப்பட்ட கதிர்களைப் பொறுக்கி வாழ்ந்த அவளே மன்னன் தாவீதின் பாட்டனாரைப் பெற்றவள் என்று அந்நூலின் வழிமரபுப் பட்டியல் முடிகிறது. அந்நூலின் காலம் பற்றிக் கருத்து வேறுபாடு உண்டெனினும், பலர் அதனைப் பாரசீகக் காலத்தில் வைப்பர். எல்லை வகுத்தோர் போற்றிய தாவீதின் குருதியிலேயே வேற்றினப் பெண் கலந்திருப்பதை அது அமைதியாக நினைவூட்டுகிறது.

அக்காலத்ததாகவே கருதப்படும் எசாயா நூலின் 56-ஆம் இயல், உடன்படிக்கையைப் பற்றிநிற்கும் அண்ணகர்க்கும் வேற்றினத்தார்க்கும் கோயிலில் இடம் உண்டு என்கிறது. வழித்தோன்றல் இல்லாத அண்ணகர்க்குப் புதல்வர் புதல்வியரினும் மேலான 'யாத் வஷேம்', அதாவது நினைவுச்சின்னமும் பெயரும், வழங்கப்படும் என்பது அதன் வாக்குறுதி. குருதிவழியின்றியும் ஒருவர் சமூகத்தின் நினைவில் நிலைக்கலாம் என்பது இதன் கருத்து. நாசிகளால் கொல்லப்பட்ட யூதரின் நினைவாக 1953-இல் எருசலேமில் சட்டத்தின்வழி நிறுவப்பட்ட நிறுவனம் இத்தொடரையே பெயராகக் கொண்டுள்ளது.

செக்கரியா நூலின் 7-ஆம் இயல் நினைவின் பயனையே வினாவாக்குகிறது. தாரியு மன்னனின் நான்காம் ஆண்டில், அதாவது கி.மு. 518-இல், கோயில் மீண்டும் எழும்பிக்கொண்டிருந்தது. எழுபது ஆண்டுகளாக ஐந்தாம் மாதத்தில் கோயிலின் அழிவுக்காக நோன்பிருந்து அழுதோமே, இனியும் அழவேண்டுமா என்று மக்கள் வினவினர். விடை நேராக வரவில்லை. அந்நோன்பு யாருக்காக நோற்கப்பட்டது என்னும் எதிர்வினாவே முதலில் வருகிறது. பின்னர், கைம்பெண்ணையும் அனாதையையும் அயலாரையும் வறியவரையும் ஒடுக்காதிருக்குமாறு முன்னைய இறைவாக்கினர் கூறியது நினைவூட்டப்படுகிறது. நோன்புகள் ஒருநாள் மகிழ்ச்சியின் திருநாள்களாகும் என்பது அடுத்த இயலில் வரும் நம்பிக்கை. இழப்பின் நினைவும் அடிமை நினைவு காட்டிய கடமையிலேயே நிறைவுறவேண்டும் என்று இவ்விடத்தில் இரு இழைகளும் இணைக்கப்படுகின்றன.

முடிவுரை

பண்டைய இஸ்ரயேலரின் அடையாளம் குருதியாலோ நிலத்தாலோ மட்டும் அமைந்ததன்று. வெவ்வேறு தோற்றமுடைய குழுக்கள் ஒரே விடுதலைக் கதையைத் தம் கதையாக ஏற்றமையால் அது உருவாயிற்று. அக்கதையைக் குழந்தையின் வினா, உழவனின் கூடை, ஓய்வுநாள், பாஸ்கா உணவு ஆகியவற்றில் பதித்தமையால் அரசும் கோயிலும் அழிந்த பின்னும் அது தொடர்ந்தது. கி.பி. 70-இல் இரண்டாம் கோயில் அழிந்தபோதும் இதே வழி துணைநின்றது. கி.பி. 200 அளவில் தொகுக்கப்பட்ட மிஷ்னா பாஸ்கா இரவுக்கு வகுக்கும் முறையில், பலிபீடத்தின் இடத்தில் வீட்டு உணவுமேசையும் மகனின் வினாவும் நிற்கின்றன.

இந்நிலைபேற்றைப் போற்றுவதோடு ஆய்வு நின்றுவிடலாகாது. அதே நினைவு அசேராவை வழிபட்ட முன்னோரை மறைத்தது. நாட்டில் எஞ்சிய வறியவரை இல்லாதவராக்கியது. பெயரறியாப் பெண்களைப் பிள்ளைகளோடு வெளியேற்றியது. எனினும் இவற்றை எதிர்த்த குரல்களையும் தொகுப்போர் நீக்கவில்லை. எஸ்ராவும் ரூத்தும், அமலேக்கும் அயலாரும் ஒரே தொகுதியில் அருகருகே நிற்கின்றனர். எதை நினைவுகூர்வது என்பதில் உடன்பாடு இல்லாதபோதும் அவ்வாதத்தை ஒரே நூலுக்குள் நிகழ்த்தியமை அம்மக்களின் தனித்தன்மையாகும். ஒடுக்கப்பட்ட நினைவைத் தாங்கிய எந்தச் சமூகமும் எதிர்கொள்ளும் வினா ஒன்றை அந்நூல்தொகுதி தீர்க்காமல் விட்டுவைத்துள்ளது. பட்ட துயரம் பிறரை அணைப்பதற்கான காரணமா, விலக்குவதற்கான காரணமா என்பதே அவ்வினா. ஒவ்வொரு தலைமுறையும் அதற்குத் தானே விடை தேடவேண்டியுள்ளது.